வில்மா பாங்கியைத் தோற்கடித்தது அவருடைய குரல் அல்ல

ஊமைப்படக் காலத்து ஹாலிவுட் நடிகை வில்மா பாங்கியைப் பற்றிய ஒரு காணொளியில் என் பெயரையும் இணைத்துக் கருத்துக் கேட்டவர்களுக்காக இதை எழுதுகிறேன். பேசும்படம் வந்து அவர் வாய் திறந்து பேசியதுமே அவருடைய திரைவாழ்வு முடிந்துபோனது என்று அதில் தீர்ப்புச் சொல்லியிருக்கிறார்கள். கீழே நூற்றுக்கணக்கானோர் சிரித்திருக்கிறார்கள். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

ஹங்கேரியிலும் ஜெர்மனியிலும் நடித்துக்கொண்டிருந்த அவரை 1925இல் புடாபெஸ்டில் கண்டு ஹாலிவுட்டுக்கு அழைத்துச் சென்றவர் தயாரிப்பாளர் சாமுவேல் கோல்ட்வின். அதே ஆண்டில் ரொனால்ட் கோல்மனுடன் ‘தி டார்க் ஏஞ்சல்’, ருடால்ஃப் வாலண்டினோவுடன் ‘தி ஈகிள்’. அடுத்த ஆண்டில் வாலண்டினோவின் கடைசிப் படமான ‘தி சன் ஆஃப் தி ஷேக்’. கோல்மனும் அவரும் சேர்ந்து நடிக்கிறார்கள் என்றாலே கூட்டம் வந்த காலம் அது. இவற்றில் ஒன்றைக்கூடச் சொல்லாமல் ஒருவருடைய தொழில்வாழ்வைப் பற்றிப் பேசிவிட முடியுமா?

உச்சரிப்பில் ஹங்கேரிய வாடை இருந்தது உண்மைதான். ஆனால் 1930இல் எம்.ஜி.எம். படநிறுவனம் அவரை எட்வர்ட் ஜி. ராபின்சனுடன் ‘எ லேடி டு லவ்’ படத்தில் பேச வைத்ததோடு நிற்காமல், அதன் ஜெர்மன் வடிவத்திலும் அவரையே நடிக்க வைத்தது. 1932இல் லூயிஸ் டிரெங்கருடன் ‘டெர் ரெபெல்’ படத்திலும் அவர் ஜெர்மனில் பேசி நடித்தார். குரல் ஆகாது என்றால் இவையெல்லாம் எப்படி நடந்தன? அதே 1930இல், அதே நிறுவனம், ஸ்வீடன்காரரான கிரேட்டா கார்போ பேசுகிறார் என்பதையே விளம்பரமாக்கி ‘அன்னா கிறிஸ்டி’யை வெளியிட்டது. கார்போ ஏற்றது ஸ்வீடன் வம்சாவளிப் பாத்திரம், ஆகவே அது பொருந்தியது என்று சிலர் சொல்வார்கள். நான் சொல்வதும் அதுதான்: பொருத்தமான பாத்திரத்தைத் தேடித் தருவது முதலாளிகளின் வேலை, நடிகையின் தொண்டை செய்ய வேண்டிய வேலை அல்ல.

என் அம்மா திருமணத்துக்குப் பின் தட்டச்சு வேலையை விட்டார். அவராகவே விட்டார். ஆனாலும் சொந்தக்காரர்கள் இன்றுவரை, “அவளால் தாக்குப்பிடிக்க முடியவில்லை” என்றுதான் சொல்கிறார்கள்; அதைக் கேட்கும்போதெல்லாம் அம்மா பேசாமல் எழுந்து போய்விடுவார். ஒரு பெண் வேலையை விட்டால், தானாக விட்டாள் என்று ஒப்புக்கொள்ள ஏன் இத்தனை தயக்கம்? பாங்கி 1927இல் நடிகர் ராட் லா ராக்கை மணந்தார். 1969இல் கணவர் இறக்கும்வரை இருவரும் சேர்ந்தே வாழ்ந்தார்கள். படங்களை விட்டபின் பாங்கி பல ஆண்டுகள் கோல்ஃப் ஆடி மகிழ்ந்திருந்தார். இது வீழ்ச்சியா?

சாதாரண சினிமாத் துணுக்குக்கு இவ்வளவு கோபமா என்று கேட்பவர்களுக்கு என்னிடம் நீண்ட பதில் இல்லை. 1991 மார்ச்சில் பாங்கி இறந்த செய்தி, மறு ஆண்டில்தான் வெளியுலகுக்குத் தெரிந்தது. முதுமையில் தன்னைப் பார்க்க ஒருவரும் வரவில்லை என்ற வருத்தத்தில், தன் மரணத்தை அறிவிக்க வேண்டாம் என்று அவரே சொல்லியிருந்தாராம். அப்படிப் போனவரைத்தான் இன்று தேடிப் பிடித்துக் கேலி செய்கிறோம். ‘தி டார்க் ஏஞ்சல்’ அழிந்துவிட்டது. ‘தி ஈகிள்’ இணையத்திலேயே கிடைக்கிறது. அதை முழுமையாகப் பார்த்துவிட்டு வருகிறவர்களோடு எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் விவாதிக்கிறேன். பார்க்காதவர்கள் தயவுசெய்து அந்தக் காணொளியை என் பக்கத்தில் இனி ஒட்ட வேண்டாம்.