ஆடும் கேமராவும் மஞ்சள் நிறமும்

கேமராவைத் தோளில் சுமந்து, இயற்கை வெளிச்சத்தில் எடுத்தாலே வாழ்க்கை உள்ளபடி திரைக்கு வந்துவிடும் என்று, திரைப்படங்களின் கேமரா அசைவு பற்றிய கட்டுரை ஒன்றில் கட்டுரையாளர் எழுதியிருப்பதை என்னால் ஏற்க முடியவில்லை. அல்ஜீரிய விடுதலைப் போராட்டத்தைப் பற்றி 1966இல் வெளிவந்த 'அல்ஜியர்ஸ் போர்' படத்தை இயக்குநர் ஜில்லோ பொன்டேகோர்வோ கறுப்பு வெள்ளையில், செய்திப்படம் போலவே எடுத்திருந்தார்; ஆனால் எல்லாம் படத்துக்காக நடித்து எடுத்தவை. அதில் ஓர் அடி செய்திச்சுருள்கூடச் சேர்க்கப்படவில்லை என்று அமெரிக்கத் திரையிடலில் அறிவிப்பே போட்டார்கள். ஆடும் காட்சியும் புள்ளி விழுந்த படமும் உண்மையின் அடையாளம் என்று செய்திகளைப் பார்த்துப் பார்த்து நாம் பழகியிருக்கிறோம்; அந்தப் பழக்கத்தைத்தான் அவர் பயன்படுத்திக்கொண்டார்.

என்னை இதைவிட அதிகம் உறுத்துவது நிறம். நான் மலேசியாவின் பினாங்கு மாநிலத்தில், நிபோங் திபால் பக்கம் ஒரு ரப்பர் தோட்டத்தில் வளர்ந்தவள். விடியுமுன் நெற்றியில் விளக்கைக் கட்டிக்கொண்டு பால்மரம் வெட்ட, அதாவது ரப்பர் பாலுக்காக மரப்பட்டையைக் கீறப் போகும் அம்மாவோடு நடந்த எனக்குத் தோட்டம் என்றால் ஈரமான கரும்பச்சை இருட்டும், பால் வடியும் கிண்ணமான மங்கில் உறைந்த கட்டிப்பாலின் வாடையும்தான். நான் பார்த்த தோட்டப் படங்களோ, பழைய காலம் என்று காட்டுவதற்காக எல்லாவற்றுக்கும் பழுப்பு மஞ்சள் பூசியிருந்தன. சென்ற மாதம் ஜார்ஜ்டவுன் வீட்டில் மகளுக்கு அந்த விடியற்காலையை விவரித்துக்கொண்டிருந்தபோது, என் மனக்கண்ணிலேயே தோட்டத் தொழிலாளர்களின் லயத்து வீடுகள் மஞ்சளாக எழுந்ததைக் கண்டு திடுக்கிட்டேன். கேமரா அசைவுக்கு இத்தனை பத்திகள் ஒதுக்கிய கட்டுரை, எடுத்த படத்தின் நிறங்களைப் பிறகு மாற்றியமைக்கும் நிறத்திருத்தத்தைப் பற்றி ஒரு வரிகூடச் சொல்லாதது பெரிய குறை.