குடை பிடித்த மேஜர் ஆர்னெமில் சாகவில்லை

இரண்டாம் உலகப் போரில், ஜெர்மானியர் பிடியிலிருந்த நெதர்லாந்தின் ஆர்னெம் பாலத்தில் குடையோடு போரிட்ட பிரிட்டிஷ் பாராசூட் படை மேஜர் டிக்பி டாதம்-வார்ட்டர் அங்கேயே இறந்தார் என்று ஒரு பதிவு சுற்றுகிறது. தவறு. இறந்தது, அவரை வைத்துச் சினிமாவில் உருவாக்கிய பாத்திரம். குடை நிஜம்தான், நம் ஆள்தான் என்று காட்டச் சொல்லும் ராணுவக் கடவுச்சொல் அவருக்கு நினைவில் நிற்காது, குடையைப் பார்த்தாலே ஆங்கிலேயன் என்று தெரிந்துவிடும் என்பது அவர் கணக்கு.

1944 செப்டம்பரில் காயத்தோடு ஜெர்மானியரிடம் பிடிபட்டவர் மருத்துவமனையிலிருந்து தப்பினார். அப்புறம் செய்ததுதான் பெரிய காரியம். போலி அடையாள அட்டையோடு, வாய் பேசாத, காது கேளாத ஆளாக நடித்து, சைக்கிளில் சுற்றி, ஒளிந்திருந்த வீரர்களைத் திரட்டினார். அக்டோபரில் சுமார் 138 பேர் ரைன் ஆற்றைக் கடந்து மீண்டார்கள். அவரைப் பாலத்திலேயே சாகடிப்பது, உயிரைப் பணயம் வைத்து அடைக்கலம் தந்த டச்சு மக்களுக்கும் செய்யும் அநியாயம். போருக்குப் பின் கென்யாவில் குடியேறியவர், 1993இல்தான் காலமானார்.