வளையல் போட ஆகாத கை

சனிக்கிழமை போட்ட வளைகாப்புப் படத்தை நான் எடுக்கப்போவதில்லை. இன்பாக்ஸில் வந்து புத்தி சொன்ன சொந்தங்கள் எல்லோருக்கும் சேர்த்தே சொல்லிவிடுகிறேன்.

தங்கைக்கு அம்மா வளையல் போட்டாராம். தாலி இல்லாதவர் போடலாமா என்கிறார்கள்.

சரி, அன்று விடியற்காலை மூன்று மணிக்கு எழுந்து புளிக்காய்ச்சல் கிளறியது யார்? தேங்காய் சாதம், எலுமிச்சை சாதம், தயிர் சாதம் எல்லாம் யார் கை? இரண்டு தரம் கேட்டு வாங்கிச் சாப்பிட்டவர்கள்தான் இப்போது அபசகுனம் என்கிறார்கள். சமைக்க ஆகிற கை வளையல் போட மட்டும் ஆகாதா?

என் கல்யாணத்தில் முகூர்த்த நேரத்துக்கு அம்மாவைக் காணவில்லை. ஸ்டோர் ரூமில் தாம்பூலப் பைக்குத் தேங்காய் போட்டுக்கொண்டிருந்தார். கெட்டிமேளம் கேட்டதும் அட்சதையைச் சுவரைப் பார்த்துத் தூவினாராம். உதவிக்கு இருந்த அக்கா ரொம்ப நாள் கழித்துச் சொன்னார். அதே கல்யாணத்தில் பெரியப்பா மேடையேறி எங்களை ஆசீர்வதித்தார். பெரியம்மா போய் அப்போது ஒரு வருஷம்கூட ஆகவில்லை. பெரியப்பா தங்கமான மனுஷர், அவரைச் சொல்லவில்லை. அவரிடம் யாரும் கேட்கவில்லையே, அதைத்தான் சொல்கிறேன்.

"பெரியவங்க மனசு நோகக் கூடாது." அம்மாவுக்கு 61 வயது. அவர் பெரியவர் இல்லையா?

"முற்போக்கு வேஷம்." ஆமாம், வேஷம்தான். அப்புறம்?

"ஊர் வழக்கம்." ஈரோடு மாவட்டத்தில் ஒரு கோயிலில், அங்கேயே பூசாரியாக இருந்தவரின் மனைவியை, கணவர் இறந்துவிட்டார் என்று திருவிழாவுக்கு வரவிடாமல் தடுத்தார்கள். ஊர் வழக்கம்தான் அதுவும். 2023 ஆகஸ்டில் சென்னை உயர் நீதிமன்றம் அவரைத் தடுக்கக் கூடாது என்றது. சாமி கும்பிட ஒரு பெண் கோர்ட்டுக்குப் போக வேண்டியிருக்கிறது. வளையல் போடவும் ஆர்டர் வாங்கி வரட்டுமா?

"குழந்தைக்கு ஏதாவது ஆச்சுன்னா?" இதைக் கேட்டது என் சொந்த அத்தை. மூன்று முறை பதில் எழுதி அழித்துவிட்டேன். அத்தை, அந்தப் பிள்ளை பிறந்ததும் காலில் போட்டுக் குளிப்பாட்டப்போவது யார்? நீங்களா வரப்போகிறீர்கள்? அதற்கு மட்டும் அந்தக் கை ஆகுமா?

நேற்று ராத்திரி அம்மா போன் பண்ணினார். "பாப்பா, அந்தப் படத்தை எடுத்துரும்மா. அவ மாமியார் வீட்ல ஏதாவது சொல்லிடப் போறாங்க."

ம் என்று மட்டும் சொல்லி வைத்துவிட்டேன். இன்னும் எடுக்கவில்லை.