பகவான் தாதாவுக்காகக் கொஞ்சம் சண்டை

போன வாரம் ஒரு கல்யாண ரிசப்ஷன். எங்கள் பெரிய மாமாவுக்கு எழுபத்தொரு வயது, முழங்கால் இரண்டும் ரிப்பேர். டிஜே போட்ட சத்தத்தில் பையன்கள் இழுத்துவிட, மனுஷன் நின்ற இடத்தை விட்டு ஓரடி நகராமல் ஆடினார். முழங்கையை மடக்கி, கை இரண்டையும் நெஞ்சுக்கு நேரே வைத்து, தோளை மட்டும் லேசாக ஒரு ஆட்டு. புருவம் உச்சந்தலைக்குப் போய்விட்டது. "இது யார் ஸ்டைல் மாமா?" என்றேன். "அமிதாப் டா" என்றார்.

அமிதாப்புக்கே அது பழைய இந்தி நடிகர், இயக்குநர் பகவான் தாதா வழியாக வந்தது மாமா.

அவர் பெயரைத் தேடிப் பாருங்கள். எங்கே போனாலும் ஒரே கதைதான். பம்பாயில் பணக்கார ஜுஹுவில் பங்களா, கிழமைக்கு ஒரு கார், கடைசியில் அதே ஊரில் தாதரில் ஒண்டுக்குடித்தனம். பின்னணியில் சோகமாக ஒரு வயலின். பார்த்துவிட்டு 'உச்' கொட்டிவிட்டு நாம் அடுத்த வீடியோவுக்குப் போய்விடுகிறோம். எனக்கு எரிச்சலே இதுதான். அந்த ஆள் என்ன வேலை செய்தார் என்று ஒருத்தரும் சொல்வதில்லை.

1913இல் அமராவதியில் பிறந்தவர். அப்பா பம்பாயில் மில் தொழிலாளி. குஸ்தி போட்ட உடம்பு. ஊமைப்படக் காலத்திலேயே நடிக்க வந்துவிட்டார். அப்புறம் வரிசையாகக் குறைந்த செலவில் சண்டைப் படங்கள். அவற்றைக் கொண்டாடியவர்கள் உழைக்கிற ஜனங்கள்தான்.

நடுவில் ஒரு தமிழ்ப் படமும் உண்டு! 1941இல் வந்த 'வனமோகினி'யை இயக்கியது இவர்தான். இலங்கையிலிருந்து வந்த தவமணி தேவி, எம்.கே. ராதா, கூடவே சந்துரு என்ற யானை. இசை சி. ராமச்சந்திரா. சரியாகப் பத்து வருஷம் கழித்து இவரும் ராமச்சந்திராவும் சேர்ந்து பம்பாயில் போட்ட போடுதான் 'அல்பேலா' (1951) என்ற இந்திப் படம். சண்டைப் படத்தை விட்டு ஒரு சமூகப் படம் எடு என்று ராஜ் கபூர் சொல்லப் போய் எடுத்தது என்பார்கள்.

அதில் 'ஷோலா ஜோ பட்கே' பாட்டை ஒருமுறை சத்தத்தை நிறுத்திவிட்டுப் பாருங்கள். பக்கத்தில் கீதா பாலி துள்ளுகிறார். இவருக்கோ குட்டை உடம்பு, தொப்பை, 38 வயது. துள்ளவே இல்லை. இடுப்பில் அரை அங்குலம், தோளில் அரை அங்குலம், அவ்வளவுதான் செலவு. ஆனாலும் கண் அவரை விட்டு நகராது. ஆடத் தெரியாதவனும் ஆடலாம் என்று ஒரு ஆட்டத்தைக் கண்டுபிடித்தவர் ஐயா அவர். மாமாவின் முழங்கால் பிழைத்ததே அதனால்தான்.

இவ்வளவு தூக்கிப் பேசுகிறவன் இன்னொன்றையும் சொல்லியாக வேண்டும். 1942இல் ஒரு படப்பிடிப்பில் கதாநாயகி லலிதா பவாரை அறைகிற காட்சி. நிஜமாகவே ஓங்கி அறைந்துவிட்டார். முகத்தில் ஒரு பக்கம் வாதம், வருஷக்கணக்கில் வைத்தியம், இடது கண் சுருங்கியே போனது. கதாநாயகி வாய்ப்பும் அதோடு சரி. பிறகு கொடுமைக்கார மாமியார் வேஷங்கள். தூர்தர்ஷன் ராமாயணத்தில் நாம் பார்த்த கூனி அவர்தான். வேண்டுமென்று செய்யவில்லைதான். ஆனால் விலை கொடுத்தது அந்த அம்மா. பங்களா போன கதைக்குக் கண்ணீர் விடுகிறவர்கள் இதற்கும் கொஞ்சம் மிச்சம் வைக்கலாம்.

பணம் போனது எல்லாத் தயாரிப்பாளருக்கும் போகிற வழியில்தான். 'ஜமேலா' எடுத்தார், 'லபேலா' எடுத்தார், அல்பேலா திரும்பி வரவில்லை. கிஷோர் குமாரை வைத்துத் தொடங்கிய படம் பாதியில் நின்றது. பங்களாவும் கார்களும் போயின. அப்புறம் கூட்டத்தில் வந்து நாலு ஸ்டெப் போட்டுவிட்டுப் போகிற வேஷங்கள். அதையும் முகம் சுளிக்காமல் ஆடினார்.

தாதருக்குப் போனதை வீழ்ச்சி என்கிறார்கள். மில் தொழிலாளி மகன் மில் பேட்டைப் பக்கம் திரும்பினால் அதற்கு வீழ்ச்சி என்றா பெயர்? 2002 பிப்ரவரியில் சாகும்வரை அங்கேதான் இருந்தார். கணபதி ஊர்வலம் அவர் வாசலுக்கு வந்ததும் நின்றுவிடுமாம். பேண்டு செட் அல்பேலா பாட்டை எடுக்கும். கிழவர் இறங்கி வந்து முழங்கையை மடக்கி ரெண்டு ஆட்டு ஆடிய பிறகுதான் பிள்ளையார் அடுத்த தெருவுக்குப் போவாராம்.