எல்லா ஜாக்கும் ஆள் பெயர் அல்ல

ஆள் பெயரிலிருந்து பிறந்த ஆங்கிலச் சொற்களைப் பட்டியலிடும் ஒரு கட்டுரைக்குச் சில திருத்தங்கள் இவை. கார் தூக்கும் ஜாக்கியும் குதிரை ஓட்டும் ஜாக்கியும் ஒலியில் மட்டும் ஒத்த வெவ்வேறு சொற்கள் என்று அந்தக் கட்டுரை சொல்வது சரியல்ல. இரண்டுக்கும் மூலம் ஜான் என்ற பெயர்தான், வழிதான் வேறு. ஜாக் என்பது ஜானின் செல்லப்பெயர். இங்கிலாந்தில் தடுக்கி விழுந்தால் ஒரு ஜாக் என்ற நிலை வந்ததும், அது 'யாரோ ஒரு சாதாரண ஆள்' என்றாகி, பிறகு எடுபிடிப் பையனைக் குறித்தது. அந்தப் பையன் செய்த வேலையைச் செய்யும் கருவிக்கும் அதே பெயர் ஒட்டிக்கொண்டது: பூட்ஸைக் கழற்றும் கட்டை, இறைச்சிக் கம்பியைத் திருப்பும் பொறி, பாரம் தூக்கும் ஜாக். நம் மெக்கானிக்குகள் அதை ஜாக்கி ஆக்கினார்கள். குதிரை ஜாக்கி ஸ்காட்லாந்து வழி: அங்கே 'ஜாக்'குக்குப் பதில் 'ஜோக்', சின்ன ஜோக் 'ஜோக்கி'.

சீட்டுக்கட்டு ஜாக்கும் இதே வேலைக்காரன்தான். அதன் பழைய பெயர் 'நேவ்'. ஆங்கில எழுத்தில் அதுவும் ராஜாவைப் போலவே 'கே'யில் தொடங்கும். சீட்டின் மூலையில் எழுத்து அச்சிடத் தொடங்கியபோது குழப்பம் வந்ததால் ஜாக் நிலைத்தது.

ஆங்கிலத்தில் அபிகேல் (தமிழ் விவிலியத்தில் அபிகாயில்) என்றால் பணிப்பெண் என்ற பழைய வழக்கையும் கட்டுரையில் சேர்த்திருக்கலாம். விவிலியத்தில், 1 சாமுவேல் 25இல், அபிகாயில் தன்னை 'அடியாள்' என்றே சொல்லிக்கொள்கிறாள்.

ஒரு முக்கியமான திருத்தம்: பலாப்பழத்தின் ஆங்கிலப் பெயரிலுள்ள ஜாக் ஆள் பெயரே அல்ல. அது மலையாளச் 'சக்க' போர்ச்சுகீசியர் வாயில் 'ஜாக்கா' ஆகி வந்தது. நரியைக் குறிக்கும் 'ஜாக்கல்' பாரசீக 'ஷகால்'. பட்டியலிலிருந்து இரண்டையும் நீக்கிவிடுங்கள்.