கணவர் வெளிநாட்டில் இருந்தால் இங்கே வழக்குப் போட முடியாதா?

"கணவர் வெளிநாடு போய்விட்டால் குடும்ப நீதிமன்ற சம்மன் செல்லாது, வழக்கே போட முடியாது" என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. முழுத் தவறு. தயவுசெய்து இதை நம்பி யாரும் சும்மா இருந்துவிடாதீர்கள்.

எதிர்த்தரப்பு இந்தியாவுக்கு வெளியே வசித்தால், மனுதாரர் தான் வசிக்கும் ஊரிலேயே மனு போடலாம் என்று இந்து திருமணச் சட்டத்தின் 19வது பிரிவே சொல்கிறது. சரி, சம்மன்? உரிமையியல் நடைமுறைச் சட்டம், ஆணை 5, விதி 25: இங்கே அவருக்கு முகவர் இல்லையென்றால் தபால், கூரியர், மின்னஞ்சல் வழியாக நீதிமன்றம் அனுப்பலாம். ஆனால் நாட்டுக்கு நாடு வழி மாறும். ஒரு நாட்டு நீதிமன்றத்தின் சம்மனை இன்னொரு நாட்டில் சேர்ப்பிப்பது பற்றிய 1965ஆம் ஆண்டின் ஹேக் ஒப்பந்தம் இந்தியாவில் 2007 ஆகஸ்ட் 1 முதல் நடைமுறையில் இருக்கிறது. அதில் உள்ள ஜெர்மனி நேரடித் தபாலை ஏற்பதில்லை, வெளிநாட்டு சம்மன்களைப் பெற்றுக்கொள்ள அங்குள்ள மத்திய அமைப்புக்கு ஜெர்மன் மொழிபெயர்ப்போடு அனுப்ப வேண்டும். நேரம் பிடிக்கும்தான்.

இதில் அவசரப்பட்டு, நீதிமன்ற அனுமதி இல்லாமல் நீங்களே வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டு நீல டிக்கைக் காட்டி அவர் வராமலே ஒருதலைத் தீர்ப்பு வாங்கினால், சம்மன் முறையாக வரவில்லை என்று சொல்லி அவர் அதே உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் ஆணை 9, விதி 13-இல் அதை ரத்து செய்யக் கேட்கலாம். அதனால் முதலில் அவருடைய வீட்டு எண், அஞ்சல் குறியீடு, வேலை பார்க்கும் இடத்தின் முகவரி எல்லாவற்றையும் சரியாகத் திரட்டி வக்கீலிடம் கொடுங்கள்.