உறையாத தண்ணீர்

போன வாரம் ஃப்ரீசரில் வைத்து மறந்துபோன தண்ணீர் பாட்டிலை எடுத்தேன். சீல் உடைக்காதது. தண்ணீராகவேதான் இருந்தது. சமையல் மேடையில் டொக்கென்று வைத்ததுதான் தாமதம், கழுத்திலிருந்து அடிவரை வெள்ளை சரசரவென்று இறங்கி மொத்தமும் உறைந்துவிட்டது. இன்னொன்று வைத்துப் பார்க்கலாம் என்கிறான் பையன்.

0 டிகிரியில் தண்ணீர் உறையும் என்று பள்ளியில் படித்தது பாதிதான். உறைய ஒரு பிடிமானம் வேண்டும்; பனி பிடிக்கத் தொடங்கும் அந்தத் துணுக்குதான் உறைவிதை. அது கிடைக்காத மேகத்துளி மைனஸ் 38 டிகிரி வரைகூடத் துளியாகவே கிடக்கும். தூசு கிடைத்தாலும் பெரும்பாலும் மைனஸ் 15க்குக் கீழே போனால்தான் வேலை நடக்கும். சூடோமோனாஸ் சிரிஞ்சே என்ற பாக்டீரியாவுக்கோ மைனஸ் 2 போதும். அதன் மேலுறையில் இருக்கும் ஒரு புரதம் தண்ணீர் மூலக்கூறுகளைப் பனிக்கட்டி வரிசையில் நிற்க வைத்துவிடும். சில பனிச்சறுக்குத் தளங்களில் செயற்கைப் பனிக்கு இதைக் கலக்கிறார்கள்!

அமெரிக்காவின் மான்டானாவில் டேவிட் சாண்ட்ஸ் என்ற தாவர நோயியலாளருக்கு இந்தப் பாக்டீரியாவால் வரும் கோதுமை நோய் ஒன்று தலைவலியாக இருந்தது. சுத்தம் செய்த விதையைப் போட்டாலும் திரும்ப வந்தது. விமானத்தில் ஏறி, ஜன்னல் வழியே கிருமி வளர்க்கும் பெட்ரி தட்டை நீட்டினார். அதே பாக்டீரியா தட்டில் வளர்ந்தது. இலையிலிருந்து மேலேறி, மேகத்தில் உறைவிதையாகி, தன்மேல் சேர்ந்த பனி உருகிப் பெய்யும் மழையோடு வேறு வயலில் இறங்குகிறது என்று 1982இல் சொன்னார். 2008இல் பிரென்ட் கிறிஸ்ட்னர் குழு அண்டார்டிகா உட்படப் பல இடத்துப் பனியை உருக்கிப் பார்த்தபோது, எல்லாவற்றிலும் உயிர்களிலிருந்து வந்த உறைவிதைகள் இருந்தன.

இதை வைத்துக்கொண்டு 'கிருமிதான் மழை தருகிறது' என்று ஃபார்வர்டு அனுப்புகிறவர்களைக் கண்டால் எரிச்சல் வருகிறது. பனியில் பாக்டீரியா இருந்தது சரி, அந்தப் பனியை உண்டாக்கியதே அதுதான் என்பதற்கு என்ன சாட்சி? வெப்பமண்டலத்தில் நிறைய மழை உறைதலே இல்லாமல், துளியோடு துளி மோதிப் பெருத்துப் பெய்வது. உலகக் கணக்கில் தூசுக்குத்தான் பெரும்பங்கு என்கின்றன கணினி மாதிரிக் கணக்கீடுகள்.

ஆனால் உள்ளூர்க் கணக்கு வேறாக இருக்கலாம் என்பது என் கட்சி. கென்யாவில் கெரிச்சோ என்ற தேயிலை மலை. ஆண்டுக்கு 130 நாளுக்கு மேல் ஆலங்கட்டி விழும் இடம் என்று பதிவாகியிருக்கிறது. அங்கே ஆராய்ந்த ரஸ்ஸல் ஷ்னெல், செடிக்கடியில் மட்கும் தேயிலைச் சருகில் நல்ல உறைவிதைகள் இருப்பதைக் கண்டார். கொழுந்து பறிப்பவர்கள் நடக்க நடக்கச் சருகு கிளறி, தூள் மேலே போகிறது என்பது அவர் ஊகம். சாயங்காலம் கல் விழுந்து அதே கொழுந்தைக் கிழிக்கிறது. காட்டை வெட்டித் தோட்டம் போடும்போது எத்தனை மரம் போயிற்று என்று எண்ணுகிறோம். புதிதாக வந்த சருகை யாராவது எண்ணினார்களா?